ஹெலன் மிர்ரனின் நடிப்பை எந்த வரிசையில் பார்ப்பது?

பிரிட்டிஷ் நடிகை ஹெலன் மிர்ரனை நம்மில் பலர் 2007இல் அவர் பெற்ற ஆஸ்கர் விருதின் வழியாகவோ, அறுபது வயதைத் தாண்டியபின் துப்பாக்கி ஏந்தி நடித்த ‘ரெட்’ (2010) போன்ற படங்களின் வழியாகவோ அறிந்திருப்போம். 1965இல் தேசிய இளைஞர் நாடகக் குழுவின் கிளியோபாட்ராவாக லண்டன் ஓல்டு விக் அரங்கில் அவர் தோன்றியபோது அவருக்கு வயது இருபது. ‘1923’ தொடரில் ஹாரிசன் ஃபோர்டின் மனைவியாக, ஒரு பண்ணைக் குடும்பத்தையே தாங்கி நிற்பவராக அவர் வந்தபோது வயது எழுபத்தேழு. மேடை, தொலைக்காட்சி, திரைப்படம் மூன்றிலும் இவ்வளவு காலம் உழைத்த ஒருவரை எங்கே தொடங்கிப் பார்ப்பது என்று தெரியாமல், கைக்குக் கிடைத்த ஒரு படத்தோடு நிறுத்திக்கொள்பவர்கள்தாம் அதிகம். அவர்களுக்காகவே இந்த வழிகாட்டி.

முதல் படத்திலிருந்து ஆண்டு வரிசையில் பார்க்க வேண்டாம் என்பதே என் முதல் ஆலோசனை. மைக்கேல் பவல் இயக்கிய ‘ஏஜ் ஆஃப் கன்சென்ட்’ (1969) தொடங்கி ஏறத்தாழ பத்தாண்டுகள், திரைப்படக் கேமரா அவருடைய முகத்தைவிட உடலின்மீதே அதிக அக்கறை காட்டியது. அதே ஆண்டுகளில் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனியில் அவர் லேடி மேக்பெத்தாக நடித்துக்கொண்டிருந்தார் என்பதைத் திரைப்படங்களை மட்டும் பார்ப்பவர் ஊகிக்கவே முடியாது. 1975இல் பிபிசியின் பார்க்கின்சன் நேர்காணலில், அவருடைய உடலழகு ஒரு தீவிரமான நடிகையாக மதிக்கப்படுவதற்குத் தடையாக இருக்கிறதா என்ற பொருளில் கேள்வி எழுந்தது. எதைச் சொல்கிறீர்கள், தெளிவாகச் சொல்லுங்கள் என்று அவர் நெறியாளரையே மடக்கினார். அந்தப் பேட்டியைத் தேடிப் பார்த்துவிடுங்கள். பின்னாளில் அவர் ஏற்ற பெரிய பாத்திரங்களுக்கெல்லாம் அது ஒரு முன்னுரை போல அமைந்திருக்கிறது.

தொடங்க வேண்டிய இடம் 1991, அதுவும் தொலைக்காட்சி.

‘பிரைம் சஸ்பெக்ட்’: முதல் தொடர்

கிரனாடா தொலைக்காட்சி தயாரித்து ஐடிவியில் ஒளிபரப்பான இந்தத் தொடரை எழுதியவர் லிண்டா லா பிளாண்ட். இரண்டு பகுதிகள், மொத்தம் சுமார் மூன்றரை மணி நேரம். தேடும்போது ஒரு குழப்பம் நேரலாம். இதே பெயரில் 2011இல் மரியா பெல்லோ நடித்த அமெரிக்கத் தொடர் ஒன்று உண்டு. மிர்ரன் நடித்த காவல் அதிகாரி ஜேன் டெனிசனின் இளமைக்காலத்தைச் சொல்லும் ‘பிரைம் சஸ்பெக்ட் 1973’ என்ற தொடரும் 2017இல் வந்தது. இரண்டிலும் மிர்ரன் இல்லை. அவர் நடித்தது 1991 முதல் 2006 வரை ஏழு தொடர்களாக, பதினைந்து பகுதிகளாக வந்தது. இதில் நான்காவது தொடர் மட்டும் தனித்தனியான மூன்று கதைகளைக் கொண்டது. சில தளங்களில் அவற்றைத் தனிப் படங்களாகப் பட்டியலிட்டிருப்பார்கள். வரிசை தவறிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

கதை எளிமையானது. லண்டன் காவல்துறையில் தலைமைத் துப்பறியும் ஆய்வாளராக இருந்தும், பெண் என்பதால் ஜேன் டெனிசனுக்குக் கொலை வழக்குகள் தரப்படுவதில்லை. ஒரு கொலை வழக்கை நடத்திவந்த சக அதிகாரி மாரடைப்பால் திடீரென்று இறந்துபோக, அந்த வழக்கை அவர் கேட்டு வாங்குகிறார். இறந்தவரைத் தலையில் வைத்துக் கொண்டாடிய குழு, புதிதாக வந்த பெண்ணை வெளிப்படையாகவே வெறுக்கிறது. குறிப்பாக, டாம் பெல் நடித்த சார்ஜெண்ட் பில் ஓட்லி அவருக்கு எதிராகக் காய் நகர்த்திக்கொண்டே இருக்கிறார்.

முதல் முறை பார்க்கும்போது கதைக்காகவே பாருங்கள். ஆங்கிலம் நன்றாகத் தெரிந்தாலும் வசன வரிகளை வைத்துக்கொள்வது நல்லது. லண்டன் காவலர்களின் பேச்சு வேகமானது, அதில் பாதி உதட்டுக்குள்ளேயே தங்கிவிடும். பெண்களின் சடலங்கள் மறைக்கப்படாமல் காட்டப்படும் தொடர் இது என்பதால், குழந்தைகளோடு அமர்ந்து பார்ப்பதற்கு உகந்தது அன்று.

பிறகு ஒரு நாள் இடைவெளி விட்டு, குழுவினரும் டெனிசனும் ஒரே அறையில் இருக்கும் காட்சிகளை மட்டும் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். மிர்ரனின் கலை இங்குதான் பிடிபடும் என்று நான் உறுதியாக நம்புகிறேன். மேசைகளுக்கு நடுவே ஆண்கள் சாய்ந்தும் சரிந்தும் உட்கார்ந்திருக்க, அவர் மட்டும் நின்றுகொண்டிருப்பார். ஒருவன் அலட்சியமாக எதையோ முணுமுணுப்பான். அது அவர் காதில் விழுந்துவிட்டது என்பது நமக்குத் தெரியும், ஆனால் அவர் திரும்ப மாட்டார். திரும்பலாமா வேண்டாமா என்று ஒரு கணம் யோசித்து, இப்போது வேண்டாம் என்று முடிவு செய்ததை அவருடைய தாடையின் இறுக்கத்திலும், கையிலுள்ள காகிதத்துக்குத் திரும்பும் கண்களிலும் காணலாம். எழுதப்பட்ட வசனம் எதுவும் அந்த இடத்தில் இல்லை. கோபத்தைக் காட்டி நடிப்பதைவிட, கோபத்தைச் செலவழிக்காமல் சேமித்து வைக்கும் ஒருவரை நடித்துக் காட்டுவது பலமடங்கு கடினம். மூன்றரை மணி நேரமும் அவர் அதைத்தான் செய்கிறார்.

சந்தேகத்துக்குரிய ஜார்ஜ் மார்லோவை அவர் விசாரிக்கும் காட்சிகளில், பேசுபவரை விட்டுவிட்டுக் கேட்பவரைக் கவனியுங்கள். வீட்டுக் காட்சிகளை அவசரப்பட்டு ஓட்டிவிடவும் கூடாது. துணைவர் பீட்டரோடு வாழும் அந்த வீட்டில் வழக்கு மெல்ல மெல்ல எல்லா நேரத்தையும் தின்றுவிடுகிறது. அதற்காக அவர் வருந்துகிறார். ஆனாலும் வழக்கை விட அவருக்கு மனம் வருவதில்லை. இந்த இரண்டையும் ஒரே முகத்தில் வைத்திருக்கிறார் மிர்ரன். பெண் அதிகாரி என்றால் ஒன்று இரும்பாக இருக்க வேண்டும், இல்லையேல் தனிமையில் உடைந்து அழ வேண்டும் என்ற இரண்டே அச்சுகளில் பாத்திரங்களை வார்த்துக்கொண்டிருந்த காலத்தில், வேலையில் வெல்ல வேண்டும் என்ற பசியைக் கூச்சமின்றிக் காட்டிய பாத்திரம் இது.

நாற்பத்தைந்து வயதில் அவருக்குக் கிடைத்த வாய்ப்பு இது. கதாநாயகியருக்குத் திரைப்பட வாய்ப்புகள் சுருங்கத் தொடங்கும் வயது அது. தொலைக்காட்சியோ, ஒரே மனுஷியைப் பதினைந்து ஆண்டுகள் தம்மோடு சேர்ந்து மூப்படையச் செய்யும் வாய்ப்பை அவருக்குத் தந்தது. 1992, 1993, 1994 என்று தொடர்ந்து மூன்று முறை, பிரிட்டனின் திரை, தொலைக்காட்சி விருதுகளை வழங்கும் பாஃப்டாவின் சிறந்த தொலைக்காட்சி நடிகை விருதும் அவருக்கே கிடைத்தது. சின்னத்திரை என்பது பெரிய திரைக்குப் போகும் வழியில் காத்திருக்கும் அறை என்ற எண்ணம் நமக்குள் ஆழமாக ஊறியிருக்கிறது. மிர்ரனின் கலைவாழ்வைப் புரிந்துகொள்ள விரும்புபவர் முதலில் கைவிட வேண்டியது அந்த எண்ணத்தைத்தான்.

முதல் தொடர் முடிந்ததும் இரண்டையும் மூன்றையும் பாருங்கள். ஏழாவதை இப்போது தொட வேண்டாம். அதற்கு வேறோர் இடம் வைத்திருக்கிறேன்.

இரண்டு எலிசபெத்துகள்

அடுத்து, 2005ஆம் ஆண்டின் ‘எலிசபெத் I’ என்ற இரண்டு பகுதித் தொலைக்காட்சித் தொடரையும், 2006இல் வந்த ‘தி குயீன்’ திரைப்படத்தையும் அடுத்தடுத்த வாரங்களில் பார்க்க வேண்டும். முன்னதில் பதினாறாம் நூற்றாண்டின் முதலாம் எலிசபெத். பின்னதில் நம் காலத்து இரண்டாம் எலிசபெத். 2007 ஜனவரியில் நடந்த கோல்டன் குளோப் விழாவில் இந்த இரண்டு ராணிகளுக்காகவும் அவர் தனித்தனியே விருது பெற்றார். ‘எலிசபெத் I’ வென்ற அதே பிரிவில் ‘பிரைம் சஸ்பெக்ட்’டின் கடைசித் தொடருக்கும் அவர் பெயர் பரிந்துரைக்கப்பட்டிருந்தது. அதாவது, அவருக்குப் போட்டியாளர்களில் ஒருவர் அவரே.

‘எலிசபெத் I’ தொடரை இயக்கியவர் டாம் ஹூப்பர். அதற்குச் சில ஆண்டுகளுக்கு முன் ‘பிரைம் சஸ்பெக்ட்’டின் ஆறாவது தொடரை (2003) இயக்கியவரும் அவரே என்பதை மனத்தில் வைத்துக்கொண்டு பார்த்தால், அரண்மனைத் தாழ்வாரங்களில் ராணி விரைந்து நடக்கும்போது கேமரா அவரைத் துரத்திச் செல்லும் விதம் காவல் நிலையத்தை நினைவூட்டும். ராணிக்கு இன்னும் திருமணம் செய்துகொள்ளும் தகுதி இருக்கிறதா என்று மருத்துவர் உடற்பரிசோதனை செய்யும் காட்சியோடு தொடர் தொடங்குகிறது. நாட்டையே ஆளும் பெண்ணின் உடல், அரசவையின் விவாதப் பொருளாகக் கிடக்கிறது. அந்த அவமானத்தை அவர் எப்படி விழுங்குகிறார் என்று பார்த்துவிட்டு, ஜெரமி அயன்ஸ் நடித்த லெஸ்டர் பிரபுவுடன் தனித்திருக்கும் காட்சிகளுக்கு வாருங்கள். அங்கே அவர் கத்துவார், சிரிப்பார், பொறாமைப்படுவார், அடுத்த நொடியே மன்னிப்பார். இந்த எலிசபெத் எதையும் அடக்கிக்கொள்வதில்லை.

அப்படியே ‘தி குயீன்’ படத்துக்கு வந்தால், முழுக்க எதிர்த்திசையில் ஒருவர் அமர்ந்திருக்கிறார். பீட்டர் மோர்கன் எழுதி, ஸ்டீபன் ஃபிரியர்ஸ் இயக்கிய இந்தப் படம் 1997 ஆகஸ்ட் 31 அன்று இளவரசி டயானா இறந்ததைத் தொடர்ந்த ஒரு வாரத்தைச் சொல்கிறது. மக்கள் அழுகிறார்கள், ராணியும் அழ வேண்டும் என்று எதிர்பார்க்கிறார்கள். துக்கத்தைப் பொதுவில் காட்டுவது கடமை தவறுவதாகும் என்று வளர்க்கப்பட்ட ராணி, ஸ்காட்லாந்திலுள்ள பால்மோரல் எஸ்டேட்டை விட்டு அசைய மறுக்கிறார். மைக்கேல் ஷீன் நடித்த பிரதமர் டோனி பிளேர் அவரை லண்டனுக்கு வரவழைக்கப் போராடுகிறார்.

இந்தப் படத்தில் மூன்று முறையாவது திரும்பிப் பார்க்க வேண்டிய காட்சி ஒன்று உண்டு. தலையில் ஸ்கார்ஃப் கட்டிக்கொண்டு ராணி தனியாக லேண்ட் ரோவரை ஓட்டிச் செல்கிறார். ஓடையைக் கடக்கும்போது வண்டி பழுதாகி நின்றுவிடுகிறது. உதவிக்குத் தொலைபேசியில் சொல்லிவிட்டு அவர் காத்திருக்கிறார். சுற்றிலும் மலை, நீர், ஆள் அரவமற்ற வெளி. அவர் அழத் தொடங்கும்போது அவருடைய முதுகுதான் நமக்குத் தெரிகிறது. படம் முழுவதும் நாம் காத்திருந்த கண்ணீர் அது. வேறோர் இயக்குநராக இருந்தால் முகத்துக்கு நெருக்கமாகக் கேமராவைக் கொண்டுபோயிருப்பார், வேறொரு நடிகையாக இருந்தால் அதைக் கேட்டு வாங்கியிருப்பார். இங்கே தோள்களின் அசைவு ஒன்றே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது. பிறகு ஒரு கலைமான் வருகிறது. அதைக் கண்டதும் அவர் முகத்தில் வரும் வியப்பு ஒரு சிறுமியுடையது. வேட்டைக்காரர்கள் நெருங்கும் சத்தம் கேட்டு, போய்விடு என்று அதை அவர் விரட்டும்போதுதான் இந்தப் பெண்ணுக்குள் எவ்வளவு அன்பு பூட்டப்பட்டிருக்கிறது என்று தெரிகிறது. ஆஸ்கர் விருதை இந்த ஒரு காட்சிக்கே கொடுத்திருந்தாலும் தகும்.

மற்ற நடிகையர் இந்தப் பாத்திரங்களைச் செய்ததோடு ஒப்பிட்டுப் பார்க்கலாமா என்று சிலர் கேட்பதுண்டு. தாராளமாகச் செய்யலாம். முதலாம் எலிசபெத்தாக பிபிசி தொடரில் நடித்த கிளெண்டா ஜாக்சனும் (1971), திரைப்படத்தில் நடித்த கேட் பிளான்செட்டும் (1998) உங்கள் பட்டியலில் இருக்கட்டும். ஆனால் இரண்டு மிர்ரன்களையும் பார்த்து முடித்த பிறகே அவர்களிடம் செல்லுங்கள்.

இனிப் பின்னோக்கி

இவ்வளவும் பார்த்த கண்களோடு 1980களுக்குத் திரும்பினால், முன்பு சாதாரணமாகத் தெரிந்திருக்கக்கூடிய படங்கள் வேறாகத் தெரியும். ‘தி லாங் குட் ஃபிரைடே’ (1980) லண்டன் நிழலுலகக் கதை. பாப் ஹாஸ்கின்ஸின் படம் என்றே பேசப்படுவது. தாதாவின் காதலி விக்டோரியாவாக வரும் மிர்ரன், அலங்காரப் பொம்மையாக எழுதப்பட்டிருந்த அந்தப் பாத்திரத்துக்கு அறிவும் பொறுப்பும் வேண்டும் என்று வற்புறுத்தி மாற்ற வைத்தார். அதனால் விக்டோரியா அந்தக் கூட்டத்திலேயே நிதானம் இழக்காமல் யோசிக்கத் தெரிந்தவளாக இருக்கிறாள். வெளிநாட்டு விருந்தாளிகளைச் சிரித்துப் பேசிச் சமாளிக்கும் காட்சிகளில் அது நன்றாகவே தெரியும். டெனிசனின் விதை இங்கே விழுந்திருக்கிறது.

‘கேல்’ (1984) வட அயர்லாந்தின் வன்முறைக் காலத்தில் நடக்கும் கதை. கொல்லப்பட்ட காவலர் ஒருவரின் மனைவியாக, நூலகத்தில் பணிபுரியும் மார்செல்லாவாக மிக அமைதியாக நடித்து, கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதைப் பெற்றார். அதே விருது ‘தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்’ படத்தின் சார்லட் ராணிக்காக 1995இல் மீண்டும் கிடைத்தது. கணவர் மனநிலை பிறழ்ந்த அரசர். அவரை அணுகவிடாமல் அரசவை தடுக்கிறது. தனிமையில் இருவரும் ஒருவரையொருவர் சாதாரணக் குடும்பத்துத் தம்பதி போல அழைத்துக்கொள்ளும் இடங்களில் இருக்கும் குழைவை ‘தி குயீன்’ படத்தின் இறுக்கத்தோடு சேர்த்து எண்ணிப் பாருங்கள்.

ராபர்ட் ஆல்ட்மன் இயக்கிய ‘காஸ்ஃபோர்டு பார்க்’ (2001) படத்தை மட்டும் அவசரமில்லாத ஒரு நாளில் பார்க்க வேண்டும். ஏராளமான நடிகர்கள் நடமாடும் அந்த மாளிகையில், வேலைக்காரர்களுக்குத் தலைவியான மிஸஸ் வில்சன் படத்தின் பெரும்பகுதியில் ஓரத்திலேயே நிற்கிறார். அவர் நிற்பதைக் கவனிக்கத் தவறினால் இறுதிப் பகுதியின் கனம் உங்களை வந்து சேராது. எஜமானர்களுக்கு என்ன தேவை என்பதை அவர்களுக்கு முன்பே அறிந்துகொள்வதைத் தன் பெருமையாகக் கருதும் அந்தப் பெண், அதற்காக எதையெல்லாம் இழந்தார் என்பது கடைசியில்தான் தெரியவருகிறது. அதிகாரம் உள்ள பெண்களை நடிப்பவர் என்று மிர்ரனைச் சொல்வார்கள். அதிகாரத்தின் எதிர்முனையில் இருப்பவரிடமும் அவர் அதே கேள்வியைக் கேட்கிறார். இருக்கும் இடத்தில் நிலைத்திருக்க இவள் என்ன விலை கொடுத்தாள் என்பதே அந்தக் கேள்வி. எந்தப் படத்தைப் பார்த்தாலும் இந்த ஒன்றைத் தேடினால், அவருடைய நடிப்பின் திறவுகோல் கையில் கிடைத்துவிடும்.

விட்டுவிடக்கூடியவையும் உண்டு. ‘கலிகுலா’ (1979) அவர் பட்டியலில் இருப்பதற்காகவே பார்க்க வேண்டியதில்லை. பீட்டர் கிரீனவேயின் ‘தி குக், தி தீஃப், ஹிஸ் வைஃப் அண்ட் ஹெர் லவர்’ (1989) மிகத் தேர்ந்த படம். ஆனால் அதன் கொடூரத்தைத் தாங்கும் மனநிலை இருந்தால் மட்டுமே அணுகுங்கள். ‘தி ஹண்ட்ரட்-ஃபுட் ஜர்னி’ (2014) மிர்ரனின் உச்சங்களில் ஒன்றன்று; ஆயினும் ஓம் புரியுடன் அவர் மோதும் காட்சிகளின் கலகலப்புக்காகவும், ஏ.ஆர். ரஹ்மானின் இசைக்காகவும் குடும்பத்தோடு ஒரு மாலை பார்க்கலாம்.

கடைசித் தொடரும் அதன் பிறகும்

இப்போது ‘பிரைம் சஸ்பெக்ட்’டின் மீதித் தொடர்களை வரிசையாகப் பார்த்து, 2006இன் ‘தி ஃபைனல் ஆக்ட்’ வரை வாருங்கள். இடையிலேயே டெனிசன் பதவி உயர்வு பெற்றிருப்பார். முதல் தொடரில் கதவைத் தட்டிக்கொண்டிருந்தவர், இப்போது ஓய்வு பெறும் நாளை எண்ணிக்கொண்டிருக்கிறார். மது அவரை ஆட்கொண்டிருக்கிறது. தந்தை மரணப் படுக்கையில் இருக்கிறார். முதல் தொடரில் சேமித்து வைத்த கோபமெல்லாம் இந்த முகத்தில் என்னவாகியிருக்கிறது என்பதைப் பார்க்கவே இதைக் கடைசிக்குத் தள்ளி வைத்தேன். பில் ஓட்லி மீண்டும் வருகிறார். அவர்கள் இருவரும் சந்திக்கும் இடத்தைப் பற்றி இங்கே எழுதப்போவதில்லை; 1991ஐப் பார்த்தவர்களுக்கு மட்டுமே அதன் முழு வலியும் புரியும். திரைப்படத்தில் இரண்டு மணி நேரத்துக்குள் முதுமை ஒப்பனை போட்டுக் கடக்கும் தூரத்தை இங்கே ஒரு நடிகை தம் சொந்த வயதால் கடந்திருக்கிறார். அதே ஆண்டில்தான் ‘தி குயீன்’ படமும் வெளிவந்தது என்பது எனக்கு இன்றும் வியப்பளிக்கிறது.

பிற்காலப் பணிகளில், டால்ஸ்டாயின் மனைவி சோஃபியாவாக நடித்த ‘தி லாஸ்ட் ஸ்டேஷன்’ (2009) படத்தையும் ‘கேத்தரின் தி கிரேட்’ (2019) தொடரையும் சேர்த்துப் பாருங்கள். மிர்ரனின் தந்தைவழிக் குடும்பம் ரஷ்யாவிலிருந்து வந்தது. ‘1923’ தொடர் பார்ப்பவர்கள், மிர்ரனும் ஹாரிசன் ஃபோர்டும் முன்பே சேர்ந்து நடித்த ‘தி மஸ்கிட்டோ கோஸ்ட்’ (1986) படத்தையும் தேடிப் பிடித்தால் முப்பத்தாறு ஆண்டு இடைவெளியை ஒரே வாரத்தில் காணலாம்.

மேடைதான் மிச்சம். அவருடைய மேடை நடிப்பைப் பார்க்க லண்டனுக்குப் போக வேண்டும் என்பதில்லை. மேடை நாடகங்களைத் திரையரங்குகளுக்கு நேரடியாக ஒளிபரப்பும் நேஷனல் தியேட்டர் லைவ் திட்டம் 2009 ஜூனில் தொடங்கியபோது, முதலில் ஒளிபரப்பானது அவர் நடித்த ‘ஃபெட்ரா’தான். 2013இல் பீட்டர் மோர்கனின் ‘தி ஆடியன்ஸ்’ நாடகமும் அதே வழியில் திரைக்கு வந்தது. இரண்டாம் எலிசபெத் ஒவ்வொரு வாரமும் தம் பிரதமர்களைத் தனியே சந்திக்கும் வழக்கத்தை வைத்துப் பின்னப்பட்ட நாடகம் அது. லண்டனில் ஆலிவியர் விருதையும் 2015இல் நியூயார்க்கில் டோனி விருதையும் அவருக்குத் தந்தது அதுவே. காலம் முன்னும் பின்னுமாகத் தாவும் அந்த நாடகத்தில், இளம் ராணியாகவும் முதிய ராணியாகவும் அவர் மாறி மாறி வருகிறார். மறுதிரையிடல் அறிவிப்பு வந்தால் தவறவிடாதீர்கள். போவதற்கு முந்தைய நாள் ‘தி குயீன்’ படத்தை மீண்டும் ஒருமுறை பார்த்துவிட்டு, அரங்கில் அவருடைய குரலை மட்டும் கவனியுங்கள். வயது மாறும்போது முதலில் மாறுவது அதுதான்.